யானைமேல் ஏறிய பெயர்

கண்டி திருகோணமலை வீதியில் பெயர்ப்பலகை எழுதும் போர்ட் வின்சன்டைத் தெரியாதவர்கள் அந்தக் காலத்தில் இல்லை. கடைக்குக் கடைப்பெயர், பஸ்ஸுக்கு ஊர்ப்பெயர், செத்தவனுக்குச் சிலுவையில் அவன் பெயர் என்று ஊரிலுள்ள எல்லாப் பெயரும் ஒரு தடவையாவது அவருடைய தூரிகையைத் தொட்டுத்தான் போக வேண்டும். தமிழ், சிங்களம், இங்கிலீசு மூன்றும் எழுதுவார். 'மடவளை' என்று அவர் எழுதிய பலகையை மாட்டினால், பஸ் ஓடாவிட்டாலும் மடவளையே எழும்பி வந்துவிடும் என்று பஸ் முதலாளி முஹ்ஸின் சொல்லிக்கொண்டு திரிந்தார். முஹ்ஸினுடைய பஸ் பெரும்பாலும் ஓடாமல்தான் நின்றது என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

வின்சன்டின் தகப்பன் பஸ்தியாம்பிள்ளை, யாழ்ப்பாணத்திலிருந்து ரயில் கார்டாக வந்து கண்டியோடு தங்கிவிட்டவர். அவர் போய்ச் சேர்ந்து வெகுகாலம். ஆனால் அரசாங்கக் கச்சேரியில் இங்கிலீசு முறைப்படி பெயரைத் திருப்பிப் போட்டு, 'மிஸ்டர் பஸ்தியாம்பிள்ளை' என்று மகனைக் கூப்பிடுவார்கள். வின்சன்டுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

"அது எங்கட அப்பு. அவரைக் காண வேணுமெண்டால் மகியாவைச் சவக்காலைக்குப் போங்கோ. நான் பி. வின்சன்ட்."

பெயர் விஷயத்தில் அவ்வளவு கண்டிப்பு. தகப்பன் பெயர் முன்னுக்கு, அதுவும் ஓர் எழுத்தாக, புள்ளி வைத்து. பிறகு ஆள். மரியாதைப்பட்ட மனிதனின் பெயர் அப்படித்தான் இருக்க வேண்டும் என்பது அவருடைய கொள்கை. ஊரில் முக்கால்வாசிப் பேருக்கும் அதே கொள்கை என்பதால் அதில் ஆபத்து ஏதும் இருப்பது ஒருவருக்கும் தெரியவில்லை.

முப்பத்து நாலாம் ஆண்டு லண்டனிலிருந்து ஒரு படக் கம்பனி கண்டிக்கு வந்து இறங்கியது. ராசா, ராணி, களவுபோன கிரீடம், அதைத் தேடிவரும் வெள்ளைக்காரன் என்று கதை. கதையைப் பற்றி இதற்கு மேல் பேச ஒன்றும் இல்லை. ராசாவின் அரண்மனையைக் கட்டுவதற்காக ஹங்கேரி தேசத்து மனிதர் ஒருவரையும் கூட்டி வந்திருந்தார்கள். படத்தில் வரும் மாளிகை, தெரு, கிணறு, மேசை, கதிரை எல்லாவற்றையும் யோசித்துக் கட்டுவிப்பது அவருடைய தொழில். கோயில் திருநாளுக்குச் சோடனை கட்டுகிறவர்களை மட்டுமே கண்டிருந்த கண்டிச் சனம் அவருக்குச் 'சோடனைத்துரை' என்று பெயர் வைத்தது.

சோடனைத்துரை அதற்கு முன்னும் ஒரு தடவை இலங்கையைக் கட்டியிருக்கிறார். பெர்லின் நகரத்தில், ஒரு பெரிய கொட்டகைக்குள், வெளியே பனி கொட்டிக்கொண்டிருக்கும்போது. காகிதத் தென்னை, கண்ணாடித் துண்டுகளால் ஆறு. இப்போது உண்மையான இலங்கைக்கு வந்து கட்டுகஸ்தொட்டையில் நின்று தென்னைகளைப் பார்த்தவருக்கு முகம் சுருங்கியது. ஓலை காணாது, இன்னும் வேண்டும் என்றார். பக்கத்துத் தோட்டத்தில் ஓலை வெட்டி, நிற்கும் தென்னையிலேயே ஆளை ஏற்றிக் கட்டுவித்தார். தென்னைக்கே தென்னை வேஷம் போட்டவர் என்று அவரைப் பார்க்க ஊர் திரண்டது.

மகாவலிக் கரையில் மூங்கில், சாக்கு, சாந்து ஆகியவற்றால் அரண்மனை வாசல் எழும்பியது. அதைக் கருங்கல்லாக்கும் வேலை வின்சன்டுக்கு வந்தது. கல்லின் வெடிப்பு, பாசி, மழை வடிந்த கறை எல்லாவற்றையும் பூச்சிலேயே கொண்டுவர வேண்டும். வின்சன்ட் கொண்டுவந்தார். ஒரு பசுமாடு அந்தப் பாசியை நக்கிப் பார்த்த அன்று சோடனைத்துரை அவரைத் தன் பக்கத்திலேயே வைத்துக்கொண்டார். இரண்டு பேருடைய இங்கிலீசும் நொண்டி. நொண்டியும் நொண்டியும் சேர்ந்து நடந்தால் யாரும் பின்தங்குவதில்லை, ஆகவே பேச்சு நன்றாகவே நடந்தது.

ஒரு நாள் பின்னேரம் மழை பிடித்துக்கொண்டது. சாந்து கரையாமல் இருக்க வாசலுக்குத் தார்ப்பாய் போர்த்துவிட்டு இருவரும் அதன் கீழ் ஒதுங்கினார்கள். துரை தன் கதையைச் சொல்லத் தொடங்கினார்.

"புடாபெஸ்டில் என் பெயரைச் சரியாகப் போட்டார்கள். படம் சரியில்லை. வியன்னாவில் படம் சரி, பெயரில் எழுத்துப் பிழை. பெர்லினில் படத்துக்குச் சனம் வரிசையில் நின்றது. அங்கே என்னை டியோனிஸ் செபஸ்டியான் ஆக்கிவிட்டார்கள். என் சொந்தத் தம்பி படம் பார்த்துவிட்டு, 'நீ இதில் வேலை செய்யவில்லையா' என்று கேட்டான். லண்டனில் டெனிஸ் செபஸ்டியன். எந்த ஊர் இங்கிலீசுக்காரர் என்று விசாரிக்கிறார்கள்."

"உங்கள் உண்மையான பெயர் என்ன?"

"செபெஷ்ட்யேன் டேனெஷ். அப்பாவின் பெயர் முன்னுக்கு, என் பெயர் பின்னுக்கு. எங்கள் நாட்டு வழக்கம் அப்படி. எங்கே போனாலும் அதைப் பிடித்துத் தலைகீழாக்கி விடுகிறார்கள். இது உலகத்தில் வேறு ஒருவருக்கும் விளங்காது."

வின்சன்டுக்கு மயிர்க்கூச்செறிந்தது. கச்சேரியில் பட்ட அவமானமெல்லாம் ஒரு வெள்ளைக்காரன் வாயால் வெளியே வருவதை அவர் எதிர்பார்க்கவில்லை.

"எங்களுக்கு விளங்கும் சேர். நாங்களும் அப்படித்தான். அப்பாவின் பெயர் முன்னுக்கு. என் அப்பா பஸ்தியாம்பிள்ளை. அதுவும் உங்கள் செபஸ்தியார்தான், அம்பு பட்ட அதே ஆள்."

துரை எட்டி வின்சன்டைக் கட்டிக்கொண்டார். பாசிப் பச்சை அவருடைய வெள்ளைக் கோட்டில் ஒட்டிக்கொண்டதை இரண்டு பேரும் பொருட்படுத்தவில்லை.

ஒன்றை மட்டும் துரை சொல்லாமல் விட்டார். செபெஷ்ட்யேன் என்பது அவருடைய அப்பாவின் பெயர் மட்டுமல்ல. பாட்டனுக்கும் அதே பெயர், குடும்பத்துக்கே அந்த ஒரு பெயர், உலகம் ஆளை அறிவதும் அந்தப் பெயரால். இது எல்லோருக்கும் தெரிந்ததுதானே என்று நினைத்தார். வின்சன்டும் கேட்கவில்லை. அப்பா பெயர் என்றால் அப்பா பெயர், அதில் கேட்க என்ன இருக்கிறது?

"இந்தப் படம் அமெரிக்காவுக்குப் போகும்" என்று துரை தொடர்ந்தார். "அங்கே பெரிய முதலாளிமார் வேலையைப் பார்ப்பார்கள், பிறகு பெயரைப் பார்ப்பார்கள், பெயருக்குத் தந்தி அடிப்பார்கள். எனக்கும் வயது போகிறது வின்சன்ட். இந்த ஒரு படத்தில் என் பெயர் என் பெயராக வந்தால் போதும்."

அதற்கு அவரே ஒரு வழியும் கண்டுபிடித்து வைத்திருந்தார். படத்தின் தொடக்கத்தில் வரும் பெயர்களை அட்டையில் எழுதிப் படம் பிடித்தால் லண்டனில் எவனும் மாற்றி எழுதுவான். யானையில் எழுதினால்? கட்டுகஸ்தொட்டை யானைகள் ஒவ்வொன்றும் விலாவில் ஒரு பெயர்ப்பலகையைச் சுமந்துகொண்டு அரண்மனை வாசலால் நடந்து வர வேண்டும். லண்டனில் யானைக்கு எங்கே போவான்? டைரக்டருக்கு யோசனை பிடித்துவிட்டது. கொம்பன் யானை தனக்குத்தான் என்று அவரும், தனக்குத்தான் என்று கதாநாயகியும் சண்டை பிடித்தார்களே தவிர, வேறு தடை இல்லை. பலகைகள் எழுதும் பொறுப்பு வின்சன்டுக்கு.

அந்த வருடம்தான் மலேரியாக் காய்ச்சல் வந்தது. கலகெதரைப் பக்கமிருந்து வீடு வீடாகப் புகுந்து ஊரைச் சாய்த்தது. அரண்மனை பளபளவென்று நிற்க, அதைக் கட்டியவர் நடுங்கிக்கொண்டு விழுந்தார். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போகும்போது வின்சன்டின் கையை அவர் விடவில்லை.

"உன் பெயரை நீ எப்படி எழுதுவாயோ, அப்படியே என் பெயரையும் எழுது. இங்கிலீசுக்காரன் என்ன சொன்னாலும் கேட்காதே."

"சத்தியமாய்க் கேட்க மாட்டேன் சேர்."

கேட்கவும் இல்லை. 'டெனிஸ் செபஸ்டியன்' என்று எழுதச் சொல்லி கம்பனி அனுப்பிய துண்டைக் கசக்கி எறிந்தார். வெள்ளைப்பூச்சுப் பூசிய பலகையைச் சுவரில் சாத்திவிட்டு யோசித்தார். முழுப்பெயரையும் எழுதலாம். ஆனால் யானையின் விலா எவ்வளவு அகலம்? முழுப்பெயரையும் அதற்குள் அடக்கினால் எழுத்து சுண்டெலி அளவுக்கு வரும். ஒரு மனிதனின் வாழ்நாள் ஆசையைச் சுண்டெலி எழுத்தில் எழுத வின்சன்டுக்கு மனம் வரவில்லை. பஸ்ஸுக்குப் பலகை வாங்க வந்த முஹ்ஸினிடம் அபிப்பிராயம் கேட்டார்.

"இதுல யோசிக்க எனத்த ஈக்கி?" என்றார் முஹ்ஸின். "நம்ம எல்லாரும் எழுதுற மாதிரி எழுதுங்க. வாப்பாட பேருக்கு ஒரு இனிஷல். இனிஷலோட ஈந்தாத்தான் மனிசனுக்கு ஒரு இது."

அப்படியே முடிவாயிற்று. எஸ். டேனெஷ். இங்கிலீசு எழுத்தில், பொன் நிறத்தில், சிவப்பு நிழல் கொடுத்து, ஒவ்வொரு எழுத்தும் ஒரு சாண் உயரத்தில். அதைவிட நல்ல எழுத்தை வின்சன்ட் தன் ஆயுளில் எழுதியதில்லை. புசல்லாவைத் தோட்டத்துக் கணக்கப்பிள்ளையின் மகளான அவர் மனைவி றோஸ், தேத்தண்ணீரோடு வந்து எட்டிப் பார்த்தாள்.

"என்னங்க, அவரு பேரு இன்னும் நீளமா இருந்துச்சே?"

"அது அவர்ட அப்பான்ட பேர். அப்பாவுக்கு ஒரு எழுத்துக் காணும்."

"அவரு ஒண்ணும் சொல்ல மாட்டாரா?"

"என்னைப்போல எழுதச் சொன்னதே அவர்தான்."

றோஸ் மேற்கொண்டு பேசவில்லை. பேசியிருக்கலாம். ஆனால் எழுத்து அவ்வளவு அழகாக இருந்தது.

யானைகள் நடந்தன. கொம்பனின் மேல் டைரக்டர் பெயர், கொம்பில்லாத அலியன் யானையின் மேல் கதாநாயகி பெயர், அதற்குப் பின்னால் நல்ல லட்சணமான ஒரு பெண் யானையின் மேல் சோடனைத்துரை பெயர். கமராவுக்கு முன்னால் வந்ததும் அது ஒரு கணம் நின்று, காதை அசைத்து, பிறகு நடந்தது. எழுத்துக் கூட்டி வாசிக்கத் தெரியாதவன்கூட வாசித்திருப்பான். டைரக்டர் பலகையைப் பார்த்தார். ஹங்கேரிக்காரன் தன் பெயரைச் சுருக்கிக்கொண்டான் போலும் என்று நினைத்தாரோ என்னவோ, வாய் திறக்கவில்லை.

துரை எலும்பும் தோலுமாக எழும்பியபோது படப்பிடிப்பு முடிந்திருந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து நேரே ஸ்டேஷனுக்குக் கொண்டுபோனார்கள்.

"எழுதினாயா?"

"எழுதினேன் சேர். அச்சாய் உங்கள் வழக்கப்படி."

துரை வின்சன்டின் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டார். கண்டி ஸ்டேஷனில் ஆண்பிள்ளைக்கு ஆண்பிள்ளை முத்தம் கொடுத்ததைக் கண்ட றோஸ், ரயில் போகும் வரையில் தலை நிமிரவில்லை.

இரண்டு வருடம் கழித்துப் படம் கண்டிக்கு வந்தது. வின்சன்ட் முன்வரிசையில் குடும்பத்தோடு உட்கார்ந்தார். யானை வந்தது. பொன்னெழுத்து கறுப்பு வெள்ளையில் சாம்பலாகத் தெரிந்தாலும் எழுத்து எழுத்துத்தான். கொட்டகை முழுக்க விசிலடித்தது. யானைக்கு அடித்தார்களா பெயருக்கு அடித்தார்களா என்று பிரிக்க முடியாது. வின்சன்ட் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இந்நேரம் துரை அமெரிக்காவில் இருப்பார் என்று பக்கத்திலிருந்த முஹ்ஸினிடம் சொன்னார். அடுத்து வந்த மாதங்களிலும் கேட்டவர்களுக்கும் கேளாதவர்களுக்கும் அதையே சொன்னார்.

முப்பத்தொன்பதாம் ஆண்டு, யுத்தம் வரும் வரும் என்று எல்லோரும் பேசிக்கொண்டிருந்த நாட்களில், ஒரு காலை நேரம் கடை வாசலில் சோடனைத்துரை நின்றார். அதே வெள்ளைக் கோட்டு. உள்ளே இருந்த ஆள்தான் பாதியாகியிருந்தார். சிட்னிக்குப் போகும் கப்பல் கொழும்பில் தரிக்கிறது, நாளைக்குள் திரும்ப வேண்டும், உம்மைப் பார்க்காமல் போக மனமில்லை என்றார். பெயின்ற் படிந்த கதிரையைத் துடைத்துக் கொடுத்துவிட்டு வின்சன்ட் கேட்டார்:

"அமெரிக்காவிலிருந்தா வருகிறீர்கள் சேர்?"

துரை சிரித்தார்.

"அமெரிக்கா என்னைக் கூப்பிட்டது வின்சன்ட். ஒரு பெரிய முதலாளி நம்முடைய வாசலைப் பார்த்துவிட்டு, இதைக் கட்டியவனைக் கொண்டு வா என்றிருக்கிறார். அவருடைய ஆட்கள் யானையில் இருந்த பெயரைக் குறித்துக்கொண்டார்கள். எஸ். டேனெஷ். செபெஷ்ட்யேனைக் காணோம், வெறும் எஸ். மிஸ்டர் டேனெஷ் என்று லண்டன் ஸ்டூடியோவுக்குத் தந்தி வந்தது. அங்கே ஒரு மிஸ்டர் டேனெஷ் இருந்தான். டேனெஷ் என்பதைக் குடும்பப் பெயராக வைத்திருக்கிறவன், எங்கள் நாட்டான்தான். நடிகர்களுக்குத் தாடி ஒட்டுவது வேலை. தந்தி அவன் கைக்குப் போனது."

"அவர் அது நானில்லை என்று சொல்லவில்லையா?"

"நீர் சொல்வீரா? கப்பல் ஏறிவிட்டான். இப்போது அங்கே அரண்மனைகள் கட்டுகிறான். மோசமில்லை என்கிறார்கள். தாடி ஒட்டத் தெரிந்தவனுக்குச் சுவர் ஒட்டவா தெரியாது?"

வின்சன்டின் கையிலிருந்த தூரிகை காய்ந்துகொண்டிருந்தது. அவர் அதைத் தண்ணீரில் போட மறந்தார்.

"யார் செய்த வேலை என்று எனக்குத் தெரியும்" என்றார் துரை. "டைரக்டர். நான் காய்ச்சலில் கிடந்தபோது நீர் எழுதியதை அழித்துவிட்டு வேறு பலகை மாட்டியிருக்கிறான். நேரே அவனுடைய அறைக்குப் போனேன். ஒரு கதிரையைத் தூக்கி அடித்தேன், மூக்கு உடைந்தது. அதற்குப் பிறகு லண்டனில் எனக்கு வேலை தர ஒருவரும் இல்லை. போகட்டும். உலகத்தில் ஒரே ஒரு மனிதன் என் பெயரைச் சரியாக எழுதினான், அவனைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று வந்தேன்."

சும்மா இருந்திருக்கலாம். டைரக்டர் லண்டனில், உடைந்த மூக்கும் லண்டனில். கண்டியிலிருந்து போய்ச் சாட்சி சொல்ல ஒருவரும் இல்லை. வின்சன்டும் சும்மா இருக்கத்தான் பார்த்தார். ஆனால் அந்தக் கடைசி வசனம் விடவில்லை.

"அவர் மாற்றவில்லை சேர். அது நான் எழுதிய பலகை."

துரைக்கு முதலில் விளங்கவில்லை. வின்சன்ட் சொன்னார். என்னைப்போல எழுதச் சொன்னீர்கள். நாங்கள் அப்பாவின் பெயரை ஓர் எழுத்தாகத்தான் வைப்போம். எஸ் என்றால் உங்கள் அப்பா. டேனெஷ் என்றால் நீங்கள். உங்களைப் பெரிதாகக் காட்ட வேண்டும் என்றுதான் செய்தேன். சொல்லி முடிப்பதற்குள் அழுதுவிட்டார். தகப்பனைப் புதைத்த அன்றுகூட அவர் நாலு பேருக்கு முன்னால் அழவில்லை.

"அப்படியானால் டைரக்டர் ஒன்றும் செய்யவில்லை."

"ஒன்றும் செய்யவில்லை."

"பாவம், நல்ல மூக்கு" என்றார் துரை. சிரிப்பு என்று தொடங்கியது இருமலாக மாறி, எதுவாக முடிந்தது என்று சொல்லத் தெரியவில்லை. றோஸ் உள்ளேயிருந்து தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். குடித்துவிட்டுத் துரை கேட்டார்:

"இங்கே அப்பாவை ஓர் எழுத்தாக்கி விடுவீர்களா?"

"ஓம் சேர்."

"பாட்டனார்?"

"அவர் அந்த எழுத்திலும் இல்லை."

"நல்ல ஊர். எங்கள் ஊரில் இப்போது பாட்டன் யார், பாட்டி யார் என்று கேட்டு எழுதிக்கொள்கிறார்கள். அவர்கள் கும்பிட்டது யூதர் கோயில் என்றால் பேரனுக்கு வேலை இல்லை. செபெஷ்ட்யேன் என்ற பெயரே என் பாட்டன் ஊராரைத் திருப்திப்படுத்த மாற்றி வைத்துக்கொண்டது. அதுவும் காணாது என்கிறார்கள். திரும்பிப் போக எனக்கு வழி இல்லை வின்சன்ட்."

பெயர் என்றால் பலகையில் வருவது, சிலுவையில் முடிவது என்று மட்டும் நினைத்திருந்தவர் வின்சன்ட்.

துரை எழும்பிக் கோட்டைத் தட்டினார்.

"சிட்னியில் ஒரு கடை போடப் போகிறேன். திரைச்சீலை, கதிரை, கலியாண வீட்டுச் சோடனை. அதற்கு ஒரு பலகை எழுதித் தாரும். உம்முடைய எழுத்தைவிட நல்ல எழுத்து எனக்கு அங்கே கிடைக்காது."

"இந்த முறை முழுப்பெயரும் எழுதுகிறேன். எவ்வளவு நீளமானாலும்."

"வேண்டாம். டேனெஷ் என்று எழுதும். அமெரிக்காவில் அந்தப் பெயருக்கு இப்போது நல்ல மதிப்பு. சிட்னியில் பார்க்கிறவர்கள் நான் அவனுக்குச் சொந்தக்காரன் என்று நினைத்தாலும் நினைப்பார்கள்."

அவர் பகிடியாகச் சொல்லவில்லை. வின்சன்ட் பலகையை எடுத்து வைத்து, கோடு இழுத்து, எழுதத் தொடங்கினார். துரை பக்கத்தில் நின்று பார்த்தார். கடைசி எழுத்து முடிந்ததும் பெயருக்கு முன்னால் விட்டிருந்த இடத்தைத் தூரிகைக் காம்பால் காட்டி, வின்சன்ட் தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"இதில் அப்பாவின் எழுத்தைப் போடவா, விடவா?"

துரை குனிந்து அந்த இடத்தைப் பார்த்தார்.

"போடும்" என்றார். "சின்னதாகப் போடும். பார்க்கிறவன் அது என்ன எழுத்து என்று கேட்காத அளவுக்கு."

வின்சன்ட் அப்படியே போட்டார்.